கேசட் இருக்கிறது, டெக் இல்லை

ஸ்ரீபெரும்புதூர் – ஒரகடம் தொழில் வட்டாரத்தில் இருக்கிறது வல்லம் வடகால். சிப்காட் தொழிற்பூங்கா, ராயல் என்ஃபீல்டு ஆலை, விடியுமுன்பே ஓடத் தொடங்கும் ஷிப்டு பஸ்கள். 2024 ஆகஸ்டில் இங்கே 706.5 கோடி ரூபாய் செலவில் 18,720 பெண் தொழிலாளர்கள் தங்கும் விடுதி திறக்கப்பட்டது. பாக்ஸ்கான் ஆலைக்காரர்களுக்காகக் கட்டியது. அந்தப் பெண்கள் பூட்டி அனுப்பும் ஐபோன்கள் எந்தெந்த நாட்டிலோ நடக்கிற கல்யாணங்களைப் படம் பிடித்துக்கொண்டிருக்கின்றன.

இந்த வட்டாரம் ஆலைகள் வருவதற்கு முன்னால் எப்படி இருந்தது என்று அசையும் படமாகப் பார்க்க ஆசைப்பட்டால், அரசு அலுவலகங்களின் படியேறுவதைவிட ஊரில் நாலு வீட்டு பீரோ மேலே பார்ப்பது மேல். பழைய புடவையிலோ ஜவுளிக்கடைப் பையிலோ சுற்றி வைத்த கல்யாண கேசட் கிடைக்கும்.

ஏறக்குறைய 1985இலிருந்து 2005 வரை தமிழ்நாட்டுக் கல்யாணங்கள் விஎச்எஸ் நாடாவில் பதிவாயின. தோளில் கேமராவோடு வீடியோக்காரர், பின்னால் சன்கன் விளக்கைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஒரு பையன், அவன் காலில் சிக்கும் ஒயர். கேசட்டைப் போட்டால் முதலில் பிள்ளையார் வருவார். அப்புறம் மணமக்கள் பெயர் சுழன்று வரும், இளையராஜா பாட்டு தொடங்கும். வாழைமரம், சீரியல் செட், பந்தி, மொய். இவை காசு கொடுத்துப் பிடித்த காட்சிகள். யாரும் கேட்காமல் படச்சட்டத்துக்குள் வந்துவிட்டவை வேறு. மாப்பிள்ளை அழைப்புக் காருக்குப் பின்னால் களத்துமேடு, ஏரிக்கரைப் பனைகள், அறுப்பு முடிந்த வயல், ஓட்டு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து கேமராவைச் சந்தேகமாகப் பார்க்கும் ஒரு கிழவி. நிலம் கையகப்படுத்தப்பட்டு, சமன் செய்யப்பட்டு, மதில் எழும்பிய பிறகு அந்தப் பின்னணிதான் ஊருக்கு மிச்சம். ஆவணக் காப்பாளர் பார்ப்பதும் அதைத்தான். மணமக்கள் அவருக்கு இரண்டாம் பட்சம்.

திரைப்பட, வீடியோ மரபைக் காப்பது பற்றித் தமிழில் பேச்சு எழுந்தால் அது ‘காளிதாஸ்’ படத்தில் ஆரம்பித்து அங்கேயே முடிகிறது. எச். எம். ரெட்டி இயக்கி, டி. பி. ராஜலட்சுமி நடித்து, 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியான முதல் தமிழ்ப் பேசும்படம். ஒரு பிரதிகூட இல்லை. அதே ராஜலட்சுமி 1936இல் இயக்கிய ‘மிஸ் கமலா’வும் இல்லை. நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசக வதம்’ தென்னிந்தியாவின் முதல் கதைப்படம். அது வந்த ஆண்டு 1916, 1917, 1918 என்று ஆளுக்கொன்று எழுதுகிறார்கள். சரிபார்க்கப் படம் இருந்தால்தானே? இந்தப் புலம்பல் நியாயமானதுதான். ஆனால் நூறு ஆண்டுக்கு முந்தைய இழப்புக்கு அழுதுகொண்டே இருப்பதால், இந்தப் பத்தாண்டில் நம் கண் முன்னாலேயே போய்க்கொண்டிருப்பது கண்ணில் படவில்லை என்பது என் வருத்தம்.

பழைய படங்கள் ஏன் போயின என்பது பெரிய மர்மம் இல்லை. 1950களின் தொடக்கம் வரை நைட்ரேட் பிலிம். அது தீப்பிடித்தால் தண்ணீரிலும் அணையாது. 2003 ஜனவரியில் புணேயில் திரைப்படக் கல்லூரி வளாகத்தில் வைத்திருந்த நைட்ரேட் சுருள்கள் எரிந்துபோனது இந்திய சினிமாவுக்கு நேர்ந்த பெரிய விபத்துகளில் ஒன்று. அதற்குப் பின்னால் வந்த அசிடேட் எளிதில் எரியாது, ஆனால் வெக்கையிலும் ஈரக்காற்றிலும் புளித்துப் போகும். டப்பாவைத் திறந்தால் வினிகர் நெடி மூக்கில் ஏறும். பிலிம் சுருங்கி, வளைந்து, கடைசியில் ப்ரொஜெக்டர் பல்லில் உட்காராது. ஒரு சுருளிலிருந்து கிளம்பும் ஆவி பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். சென்னை மாதிரிக் கடலோர ஊரில் குளிர்சாதனம் இல்லாத கோடவுனில் வைத்த படத்துக்கு வேறு எதிரி வேண்டியதில்லை.

ஆனாலும் எதிரிகள் இருந்தார்கள். சினிமா ஒரு சரக்கு. பிரிண்டு முதலில் நகரத் தியேட்டர், அப்புறம் சிற்றூர், கடைசியில் டென்ட் கொட்டகை என்று தேயத் தேய ஓடும். ஓடி முடிந்ததும் வெள்ளிக்காகக் கரைப்பார்கள். துண்டு பிலிம்கள் பெட்டிக்கடைக்கு வரும். ஃபியூஸ் போன பல்புக்குள் தண்ணீர் ஊற்றி, கண்ணாடியில் வெயிலை வாங்கி, வேட்டித் திரையில் எம்ஜிஆரை அசையாமல் நிறுத்திக் காட்டிய பையன்கள் தமிழ்நாட்டில் ஊருக்குப் பத்துப் பேர் இருந்தார்கள். அந்த விளையாட்டுக்குப் பலியான படங்களுக்குக் கணக்கு கிடையாது.

தப்பித்தவை தப்பித்த விதம் இன்னும் விசித்திரம். சென்னையில் நூற்றுக்கு மேல் மௌனப் படங்கள் தயாராயின. அந்தக் காலத் தென்னகத்திலிருந்து முழுப்படம் என்று சொல்லும்படி மிஞ்சியது நாகர்கோவில் சுந்தரராஜ் தயாரித்து பி. வி. ராவ் இயக்கிய ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றுதான். 1933இல் வெளியானது. கதைக்கு மூலமான நாவலின் உரிமையை வைத்திருந்த திருவனந்தபுரம் கமலாலயா புத்தக டிப்போ வழக்குப் போட, பிரிண்டு பறிமுதலாயிற்று. ஓட விடாததால் தேயவில்லை, தேயாததால் கரைக்கவில்லை. 1974இல் புணே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதை மீட்டது. 1964இல் தொடங்கிய அந்தக் காப்பகத்துக்குப் பி. கே. நாயர் என்ற ஒரு மனிதர் ஊர் ஊராக அலைந்து படம் சேர்த்தார் என்பதையும் சொல்ல வேண்டும். ஆக, ‘மார்த்தாண்ட வர்மா’வுக்கு முதல் காப்பாளர் நீதிமன்றம்.

வல்லம் வடகாலுக்குப் பக்கத்திலேயே இதற்கு இன்னொரு உதாரணம் உண்டு. 1991 மே 21 இரவு ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தி கொல்லப்பட்ட இடத்தில் புகைப்படக்காரர் ஹரிபாபு இறந்து கிடந்தார். அவருடைய கேமராவும் உள்ளே இருந்த சுருளும் பிழைத்தன. விசாரணை அந்தப் படங்களைப் பிடித்துக்கொண்டே நகர்ந்தது. உடனே சான்றாகிவிட்டதால் அவை பத்திரமாயின. வழக்குக்கு உதவாத படங்களை யார் பத்திரப்படுத்துவது என்ற கேள்விக்கு இன்றுவரை இங்கே பதில் இல்லை.

இந்தக் கேள்வியை முதலில் முழு மூச்சோடு சந்தித்த தமிழர் ஏ. கே. செட்டியார். கோட்டையூர்க்காரர். ஜப்பானிலும் நியூயார்க்கிலும் போட்டோகிராபி படித்தவர். 1937 அக்டோபர் 2, காந்தி பிறந்த நாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில் அவருக்கு ஓர் எண்ணம் வந்தது: காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம். புதிதாகப் படம் பிடிக்க அதிகம் இல்லை. உலகம் முழுக்கச் செய்திப்படக் கம்பெனிகளிடமும் தனியாட்களிடமும் சிதறிக் கிடந்த துணுக்குகளைத் தேடி எடுக்க வேண்டும். அவர் அப்போது இருபதுகளின் நடுவில் இருந்தார். கையில் பணம் இல்லை. தென்னாப்பிரிக்கா, இங்கிலாந்து, ஐரோப்பா, அமெரிக்கா என்று ஒரு லட்சம் மைல் அலைந்து, முப்பது வருஷத்தில் நூறு பேர் கேமராவில் பதிவானதிலிருந்து 50,000 அடி சேர்த்தார். அதை 12,000 அடியாக வெட்டி, 1940 ஆகஸ்டில் தமிழில் வெளியிட்டார். பேசும்பட வேகத்தில் நிமிஷத்துக்கு 90 அடி என்று வைத்தால் ஏறத்தாழ இரண்டே கால் மணி நேரம்.

போர்க்காலம். வெள்ளைக்கார அரசு பறித்துவிடும் என்று பயந்து பிரதிகளை ஒளித்து வைக்க வேண்டியிருந்தது. சுதந்திரத்துக்குப் பின் இந்தியில் ஒரு வடிவம், 1953இல் அமெரிக்காவில் ஆங்கிலத்தில் ஒரு வடிவம். தமிழ் மூலம் தொலைந்தது. பல ஆண்டு கழித்து வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி தேடியபோது ஆங்கில வடிவத்தின் பிரதி அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் அகப்பட்டது. செட்டியார் படம் எடுத்த கதையைத் தம் ‘குமரி மலர்’ பத்திரிகையில் எழுதியிருந்தார். சலபதி அதைப் பதிப்பித்து 2003இல் ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்று புத்தகமாக்கினார். பிறர் காப்பாற்றிய துணுக்குகளால் ஆன படத்தை நம்மால் காப்பாற்ற முடியவில்லை. தாளில் அச்சான அதன் கதை மட்டும் அலுங்காமல் இருக்கிறது.

இதே கோட்டையூரில்தான் ரோஜா முத்தையா செட்டியார் பழைய புத்தகங்களோடு சினிமாப் பாட்டுப் புத்தகங்கள், நோட்டீசுகளையும் வீடு நிறையச் சேர்த்து வைத்திருந்தார். அவர் மறைவுக்குப் பின் அந்தச் சேகரம் சிகாகோ பல்கலைக்கழகத்தின் உதவியோடு 1994இல் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாயிற்று. தொலைந்த பல தமிழ்ப் படங்களின் கதைச் சுருக்கமும் நடிகர் பட்டியலும் இன்று நமக்குத் தெரிவது அரையணாப் பாட்டுப் புத்தகங்களின் புண்ணியம். பிலிம் நியூஸ் ஆனந்தனின் சேகரத்தையும் தியடோர் பாஸ்கரனின் ஆராய்ச்சியையும் இதோடு சேர்த்துப் பார்த்தால் ஒன்று விளங்கும்: தமிழ் சினிமாவின் நினைவு, சிலருடைய தனிப்பட்ட பித்தால் பிழைத்தது. கூட்டாக, சட்டப்படி எதுவும் நடக்கவில்லை. அச்சாகும் புத்தகத்தை நூலகத்துக்குக் கொடுத்தாக வேண்டும் என்று 1954இல் சட்டம் வந்தது. அதனால் கன்னிமாராவில் புத்தகம் சேர்கிறது. சினிமாவுக்கு அப்படி ஒரு சட்டம் இல்லை.

திறமை இல்லையா என்றால், அதற்கு நேர்மாறு. பிலிமே ஒரு காலத்தில் நம்மூர்ச் சரக்கு: ஊட்டியில் 1960இல் தொடங்கிய இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ். அது நசிந்தது தனிக்கதை. மீட்டெடுக்கும் தொழிலில் சென்னை பிரசாத் நிறுவனம் உலகப் பெயர் வாங்கியது. 2022இல் கான் விழாவில் திரையிட்ட அரவிந்தனின் ‘தம்பு’, 2023இல் மணிப்பூரிப் படம் ‘இஷானௌ’, 2024இல் ஷியாம் பெனகலின் ‘மந்தன்’ எல்லாம் பிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷன் முயற்சியில் மீண்டவை. கீறல், தூசி, நிறத் தள்ளாட்டம் என்று சட்டம் சட்டமாகச் செய்த வேலையில் சென்னைக்குப் பெரும் பங்கு. மூன்றில் ஒன்றும் தமிழ்ப் படமில்லை. கூலிக்குச் செய்ய ஆள் இருக்கிறார்கள், சொந்தச் செலவில் செய்யச் சொல்லி வருகிறவர்கள் குறைவு.

தமிழில் ‘மீட்பு’ என்றால் மறுவெளியீடு என்று அர்த்தமாகிவிட்டது. 2012இல் ‘கர்ணன்’ டிஜிட்டலில் வந்து நூறு நாள் ஓடியது. அரங்கில் விசில் பறந்தது, எனக்கும் பிடித்தது. ஆனால் ஒலியைப் புது மோஸ்தருக்கு மாற்றிப் போட்ட படம் 1964இல் மக்கள் கேட்ட படம் அல்ல. காப்பாளர் செய்வது வேறு: நெகட்டிவை அப்படியே ஸ்கேன் செய்து, தொடாத ஒரு பிரதியை ஒதுக்கி வைத்து, எதை மாற்றினோம் என்று எழுதி வைப்பது. இரண்டரை மணி நேரப் படத்தில் 2,16,000 சட்டங்கள். 4கே ஸ்கேனில் ஒரு சட்டம் சுமார் 50 எம்பி. மொத்தம் 11 டெராபைட் அளவில் வரும். இதை இரண்டு ஊரில் வைக்க வேண்டும், சில வருஷத்துக்கு ஒருமுறை புதுத் தரவு நாடாவுக்கு மாற்ற வேண்டும். விசில் சத்தம் இல்லாத செலவு. தயாரிப்பாளர் ஏன் செய்வார்? ரைட்ஸ் எத்தனையோ கை மாறி, லேபுக்கு வாடகை பாக்கி நின்று, யாருடையது என்றே தெரியாத நெகட்டிவுகள் உண்டு. டிவிக்காக எப்போதோ தேய்ந்த பிரிண்டிலிருந்து எடுத்த நகல்தான், சேனல் முத்திரையோடு, பல படங்களுக்கு இன்று நாம் பார்க்கும் ஒரே முகம்.

இவ்வளவு இருந்தும் பிலிமுக்கு ஓர் அனுகூலம் உண்டு. வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் கண்ணுக்குத் தெரியும். வீடியோ நாடாவைப் பிடித்துப் பார்த்தால் பழுப்பு ரிப்பன்தான் தெரியும். அதற்கு மெஷின் வேண்டும். உலகத்தின் கடைசி விசிஆர் கம்பெனியான ஜப்பானின் ஃபுனாய் 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்தியது. 2025க்குப் பிறகு காந்த நாடாவை ஓட்டிப் பார்ப்பது பெரும்பாடாகிவிடும் என்று ஆஸ்திரேலியத் தேசியத் திரைப்பட, ஒலிக் காப்பகம் 2015லேயே எச்சரித்தது. 2019இல் யுனெஸ்கோவும் எச்சரிக்கை விட்டது. அந்த 2025உம் வந்து போய்விட்டது. நாடா இன்னும் பத்து வருஷம் தாங்கலாம், டெக் தாங்காது.

ஒரு கேசட் மேசைக்கு வந்தால் என்ன நடக்கும்? முதலில் ஓட்டக் கூடாது. ஜன்னல் வழியே டார்ச் அடித்துப் பார்க்க வேண்டும். சுருளின் ஓரத்தில் வெள்ளைப் பொடி மாதிரித் தெரிந்தால் பூசணம். அதை டெக்கில் போட்டால் டெக்குக்கும் தொற்றும், அடுத்த கேசட்டுக்கும் தொற்றும். ஐந்து திருகைக் கழற்றிக் கூட்டைத் திறந்து, முகமூடி போட்டுக்கொண்டு, நாடாவைத் துடைத்து, நல்ல கூட்டுக்கு மாற்றுவார்கள். ஈரம் குடித்துப் பிசுபிசுத்த சில வகை நாடாக்களை 50 டிகிரிப் பக்கத்துச் சூட்டில் மணிக்கணக்கில் வைத்துக் காயவைப்பார்கள். பிறகு டெக். அதன் டிரம் விநாடிக்கு 25 சுற்றுச் சுற்றும். ஹெட்டில் மயிரிழை அழுக்கு இருந்தால் படம் மழை பெய்யும். பெல்ட் தளர்ந்திருக்கும், ரப்பர் ரோலர் இறுகியிருக்கும், போர்டில் கெப்பாசிட்டர் கசிந்திருக்கும். எல்லாம் சரி செய்த பிறகும் மூன்று மணி நேரக் கேசட்டை டிஜிட்டலுக்கு மாற்ற மூன்று மணி நேரம் ஆகும். குறுக்கு வழி கிடையாது.

கிராமத்துக் கேசட்டில் கூடுதல் தொல்லை, அது நகலின் நகலாக இருப்பது. கேமராவில் பதிவான மூல நாடாவை மிக்ஸிங் முடிந்ததும் ஸ்டுடியோக்காரர் பெரும்பாலும் அடுத்த முகூர்த்தத்துக்கு எடுத்துக்கொள்வார். தூர்தர்ஷனிலேயே நாடாத் தட்டுப்பாட்டில் பழைய நிகழ்ச்சி மேல் புதியது பதிந்த கதைகள் இருக்க, ஊர் ஸ்டுடியோவை என்ன சொல்வது?

எடுத்து மாற்றிவிட்டால் பாதி வேலைகூட முடியவில்லை. திண்ணையில் இருக்கும் கிழவி யார், அந்த வயல் யாருடையது, ஏரிக் கலங்கல் எந்தப் பக்கம் இருந்தது என்று கேட்டு எழுத ஆள் வேண்டும். அடையாளம் சொல்லக்கூடியவர் நாடாவுக்கு முன்னால் போய்ச் சேர்ந்துவிடுவார். இன்னொரு சிக்கலும் உண்டு. கல்யாண வீடியோ குடும்பச் சொத்து. பிரிந்துபோன தம்பதி, இறந்த மகன், யார் எந்தப் பந்தியில் உட்கார்ந்தார், யார் பந்தலுக்கு வெளியே நின்றார் எல்லாம் அதில் இருக்கும். ஊரில் வீடியோ எடுத்த கல்யாணங்கள் எவை, எடுக்க வசதியில்லாத காலனிக் கல்யாணங்கள் எவை என்பதும் பதிவின் ஒரு பகுதி. யூடியூபில் ஏற்றிவிட்டால் காப்பாற்றியாயிற்று என்று நினைப்பவர்கள் இதை யோசிப்பதில்லை. குடும்பத்தின் சம்மதம், யார் எப்போது பார்க்கலாம் என்ற வரையறை, மாறாத ஒரு மூலப் பிரதி மூன்றும் இல்லாமல் அது காப்பகம் ஆகாது. ஈழத் தமிழர்களுக்கு நூலகம் நிறுவனம் 2005 முதல் அச்சிலும் பின்னர் ஒலி, ஒளியிலும் செய்துவரும் வேலை இதற்கு நல்ல முன்மாதிரி. போரில் எரிந்ததைப் பார்த்தவர்களுக்கு அவசரம் புரிந்தது.

செலவு மலைப்பூட்டும் அளவுக்கு இல்லை என்பதைக் கணக்குப் போட்டே காட்டலாம். ஐந்து நல்ல டெக்குகள் நாள் முழுக்க ஓடினால் ஒரு நாளைக்குப் பத்துக் கேசட். வருஷத்துக்கு 3,000. தரம் குறையாத சுருக்கத்தில் கேசட்டுக்கு 100 ஜிபி வைத்தால் 300 டெராபைட். 18 டெராபைட் கொள்ளும் எல்டிஓ-9 தரவு நாடாவில் ஒரு பிரதிக்கு 17, இரண்டு பிரதிக்கு 34. ஒரு தட்டில் அடங்கிவிடும். கஷ்டம் டெக்குகளிலும் அவற்றைப் பழுது பார்க்கும் கைகளிலும் இருக்கிறது. அந்தக் கைகள் இந்தியாவில் வேறெங்கும் இல்லாவிட்டாலும் இந்த வட்டாரத்தில் இருக்க வேண்டும். நுண்ணிய திருகைக் கையில் உறை போட்டு, நிலைமின் பட்டை கட்டி, உருப்பெருக்கியின் கீழ் பூட்டப் பழகியவர்கள் ஆயிரக்கணக்கில் இங்கே ஷிப்டுக்குப் போய் வருகிறார்கள். டிவி மெக்கானிக்காக இருந்து கடையை மூடிய பழைய ஆட்களும் காஞ்சிபுரம், ஸ்ரீபெரும்புதூர் தெருக்களில் இன்னும் இருக்கிறார்கள். ஒரு ஐடிஐயில் ஓர் அறை, காயலான் கடைகளிலிருந்து வாங்கிக் குவித்த பழைய டெக்குகள், இரண்டு மூத்த மெக்கானிக்குகள், அவர்களிடம் கற்கும் பத்துப் பிள்ளைகள். தேசியத் திரைப்பட மரபு இயக்கம் என்று மத்திய அரசு ஒதுக்கும் பணம் புணேக்குப் போகிறது. போகட்டும். சிப்காட் தொழிற்பூங்காக்களின் சமூகப் பொறுப்பு நிதியில் ஒரு துளி இந்த அறைக்குப் போதும். இந்தக் கம்பெனிகள் நிற்கிற மண் எப்படி இருந்தது என்பதற்குச் சாட்சி அந்தக் கேசட்டில்தான் இருக்கிறது என்பதால் கேட்பதில் கூச்சமும் வேண்டாம்.

கேசட்டோடு இது முடியாது. ஸ்ரீபெரும்புதூரில் 2006இல் தொடங்கிய நோக்கியா ஆலை 2014 நவம்பரில் மூடப்பட்டது. அங்கே செய்த போன்களில் எடுத்த ‘.3gp’ வகை வீடியோக்கள், செத்த பேட்டரியோடு மேசை டிராயர்களில் கிடக்கின்றன. அந்தத் தபால்தலையளவுப் படங்களில் ஆலையின் முதல் தலைமுறைத் தொழிலாளர்களின் முகங்கள் இருக்கின்றன. விஎச்எஸ்ஸுக்கு முப்பது வருஷம் அவகாசம் கிடைத்தது, இவற்றுக்கு அதில் பாதி.

அறை வரும்வரை வீட்டில் இருப்பவர்கள் செய்யக்கூடியது கொஞ்சம் உண்டு. கேசட்டை டிவி மேலோ ஸ்பீக்கர் பக்கத்திலோ வைக்காதீர்கள். படுக்க வைக்காமல் புத்தகம் மாதிரி நிற்க வைத்து, ஈரம் ஏறாத இடத்தில் வையுங்கள். ஆசைக்கு ஒருமுறை போட்டுப் பார்ப்போம் என்று தூசி படிந்த டெக்கில் தள்ளாதீர்கள். மாற்றித் தரும் கடைக்குக் கொடுத்தால், பென் டிரைவில் சுருக்கிய ஃபைலோடு நிறுத்தாமல் பெரிய ஃபைலையும் கேட்டு வாங்குங்கள். பிள்ளையார் வரும் பகுதியையும் வழியில் எடுத்த காட்சிகளையும் ‘தேவையில்லை’ என்று வெட்ட விடாதீர்கள். ஒரிஜினல் கேசட்டைத் திரும்ப வாங்கி வாருங்கள். கவருக்குள் ஒரு தாளில் ஊர், தேதி, வீடியோக்காரர் பெயர், பின்னால் தெரிகிற இடங்கள், வீட்டில் மூத்தவருக்கு அடையாளம் தெரிகிற ஆட்களின் பெயர்கள் எல்லாவற்றையும் எழுதி வையுங்கள். இதைப் பொங்கலுக்கு எல்லாரும் வீட்டுக்கு வரும்போது செய்வது சௌகரியம்.